பூத்துப் பூத்துக் கொட்டும் குடம்புளி மரத்துக்கு என்ன மருந்து அடிக்கலாம்?

கேட்டவர் எழுதியிருப்பது இது: "கன்னியாகுமரி மாவட்டம். விதை போட்டு வளர்த்த குடம்புளி, வயது 11. இரண்டு வருடமாகத் தை, மாசியில் மரம் நிறையப் பூக்கிறது. ஒரு பிஞ்சுகூட நிற்கவில்லை. என்ன உரம் வைக்கலாம், என்ன மருந்து அடிக்கலாம்?"

எதுவும் அடிக்க வேண்டாம். உங்கள் மரத்துக்கு நோய் எதுவும் இருக்காது. அநேகமாக அது ஆண் மரம்.

எனக்கு முன் பதில் சொன்னவர்கள் போரான் தெளி, வளர்ச்சி ஊக்கி தெளி, பஞ்சகவ்யா ஊற்று என்று ஆளுக்கொரு வழி சொல்லியிருக்கிறார்கள். கத்தியோடு மரத்தைச் சுற்றி வந்து "காய்க்காட்டா வெட்டிப்புடுவேன்" என்று மிரட்டச் சொன்னவரும் உண்டு. அவர் வைத்தியத்தில் செலவாவது இல்லை. ஆனால் ஆண்பனையில் நுங்கு இறக்க எந்த உரமும் உதவாது இல்லையா, இங்கேயும் அதே கதைதான். குடம்புளி, கொங்கணத்துக் கோகம், மங்குஸ்தான் எல்லாம் கார்சீனியா என்ற ஒரே பேரினத்து மரங்கள். இந்தப் பேரினத்தில் பெரும்பாலும் ஆண் பூ ஒரு மரத்தில், பெண் பூ வேறு மரத்தில். விதை போட்டு வளர்க்கும் குடம்புளியில் பாதிக்குக் குறையாமல் ஆணாகவே வரும். அது 10, 12 வருடம் கழித்துப் பூக்கும்போதுதான் தெரியும். இலையின் அகலத்தைப் பார்த்து, கிளை விரியும் விதத்தைப் பார்த்துக் கன்றிலேயே சொல்லிவிடலாம் என்பவர்களை நம்பாதீர்கள்.

உறுதி செய்ய ஒரு பிளேடு போதும். முதலில் மரத்தடியில் கொட்டிக் கிடப்பதைப் பாருங்கள். ஆண் பூ என்றால் காம்போடு முழுசாக விழுந்திருக்கும். பெண் பூவில் இதழ் மட்டும்தான் உதிரும், நடுக் குமிழ் கிளையிலேயே நிற்கும். அடுத்து, மரத்திலிருந்து அன்று விரிந்த பூ நாலைந்து பறித்து நீளவாக்கில் இரண்டாக நறுக்குங்கள். நடுவில் மகரந்தக் கேசரங்கள் மட்டும் ஒரு மேட்டில் கொத்தாக நெருக்கியடித்து நின்றால் ஆண். மிளகைவிடச் சற்றுப் பெரிதாக, வரிவரியாகக் கோடு விழுந்த பச்சை உருண்டை இருந்து, அதன் தலையில் தட்டையாகச் சூல்முடி உட்கார்ந்திருந்தால் பெண். அந்த வரிகள்தான் பிற்பாடு பழத்தில் குட்டிப் பூசணி மாதிரி பள்ளம் பள்ளமாகத் தெரிபவை. இன்னொரு அடையாளம்: ஆண் மரத்தில் இலைக்கக்கத்தில் பூ கூட்டமாக வரும், பெண் மரத்தில் ஒன்றிரண்டாகத்தான் வரும். "மரம் நிறையப் பூக்கிறது" என்று நீங்கள் எழுதியதிலிருந்தே எனக்குச் சந்தேகம் ஆண் மேல் போனது.

"எங்கள் வீட்டில் ஒற்றை மரம், அதுவே காய்க்கிறதே" என்று சிலர் கிளம்புவார்கள். காய்க்கும். பக்கத்துப் புரையிடத்தில் ஆண் மரம் இருந்தால் பூச்சிகள் மகரந்தத்தைக் கொண்டுவந்து விடும். தவிர, இருபால் பூவும் கலந்து பூக்கிற மரங்கள் அபூர்வமாக உண்டு. அதை வைத்து உங்கள் மரமும் காய்க்கும் என்று சொல்ல முடியாது.

நறுக்கிப் பார்த்ததில் பெண் என்று தெரிந்தால் சங்கதி வேறு. சுற்றுவட்டாரத்தில் ஆண் மரம் இல்லாமல் இருக்கலாம், பூக்கும் நேரத்தில் வேர் காய்ந்திருக்கலாம். பெண் மரத்தின் ஒரு கிளையில் ஆண் மரக் குச்சியை ஒட்டிவிட்டால் முதல் குறை தீரும்.

ஆண் என்றால் மரத்தை அடியோடு வெட்டிவிடாதீர்கள். 11 வருட வேர் சும்மா கிடைக்காது. தலையை வெட்டிப் பெண் மரக் குச்சியை ஒட்டலாம். பூ பார்த்து உறுதி செய்தபின், சித்திரை வைகாசியில், மழை பிடிக்குமுன் தண்டைத் தரையிலிருந்து 1 முதல் 1.5 மீட்டர் உயரத்தில் சாய்வாக அறுங்கள். வாள் பாதி போகையில் மரம் முறிந்து பட்டை கிழியாமல் இருக்க, முதலில் எதிர்ப்பக்கம் ஒரு வெட்டு வையுங்கள். அறுக்கும் இடத்துக்குக் கீழே ஒரு கிளையை மட்டும் இலையோடு விட்டுவையுங்கள். முழு மொட்டையடித்தால் வேருக்குச் சாப்பாடு இல்லாமல் சில மரம் பட்டுப்போகும். அறுத்த வாயில் மயில்துத்தம் 100 கிராம், சுண்ணாம்பு 100 கிராம், தண்ணீர் 1 லிட்டர் கணக்கில் கலக்கிய போர்டோ பசையைப் பூசுங்கள். இரும்புப் பாத்திரத்தில் கலக்கக்கூடாது, பிளாஸ்டிக் வாளி போதும்.

இரண்டு மூன்று மாதத்தில் துளிர் கொத்துக்கொத்தாக வரும். நேர் மேலே போகிறவற்றில் நாலைந்தை, தண்டைச் சுற்றிப் பரவலாக இருக்கும்படி விட்டு மற்றதைக் கிள்ளிவிடுங்கள். அவை பென்சில் பருமனுக்கு வந்து, பச்சை மாறாமல் இருக்கையில் இளந்தண்டு ஒட்டு கட்ட வேண்டும். குச்சி எடுக்கும் இடத்தில்தான் பலர் தவறுகிறார்கள். குடம்புளியில் மேல்நோக்கிப் போகும் தண்டு ஒரு குணம், பக்கவாட்டுக் கிளை வேறு குணம். பக்கக் கிளைக் குச்சியை ஒட்டினால் பிடிக்கும், காய்க்கவும் செய்யும், ஆனால் மரம் நிமிராது. கடைசிவரை புதராகப் பக்கவாட்டிலேயே ஓடும். நல்ல விளைச்சல் தரும் பெண் மரத்தில், மேல்நோக்கி வளரும் தண்டின் நுனியையே கேட்டு வாங்குங்கள்.

துளிரின் தலையைச் சீவி நடுவில் 3 முதல் 4 சென்டிமீட்டர் ஆழம் பிளந்து, குச்சியின் அடியை அதே நீளத்துக்கு ஆப்பு மாதிரி இருபுறமும் சீவிச் சொருக வேண்டும். வெட்டிய உடனே மஞ்சள் பால் வடியும். அது உறைந்துவிட்டால் இரண்டு பட்டைக்கும் நடுவில் பிசினாக நின்று ஒட்டைக் கெடுத்துவிடும். ஈரத்துணியால் ஒற்றியெடுத்து உடனே சொருகுங்கள். கத்தியையும் வெட்டுக்கு வெட்டு துடையுங்கள். குச்சி மெலிந்திருந்தால் ஒரு பக்கப் பட்டையாவது நேராகச் சேர வேண்டும். பாலித்தீன் நாடாவால் கீழிருந்து மேலாக இறுக்கிக் கட்டி, மேலே ஒரு நீளப் பிளாஸ்டிக் உறையைக் கவிழ்த்து அடியில் கட்டிவிடுங்கள். உள்ளே புழுக்கம் நிற்க வேண்டும், ஆனால் வெயில் நேராகப் பட்டால் வெந்துவிடும். ஓலை சாய்த்து நிழல் கொடுங்கள். ஒரு மாதம், ஒன்றரை மாதத்தில் குச்சி துளிர்க்கும். அப்போது உறையை எடுத்துவிடலாம்.

பிடித்த பிறகும் பலர் கோட்டை விடுகிறார்கள். ஒட்டுக்குக் கீழே பழைய ஆண் துளிர் வந்துகொண்டே இருக்கும். 15 நாளுக்கொரு முறை கிள்ளாவிட்டால் அது ஒட்டை அமுக்கிவிடும். நாலு வருடம் கழித்து மறுபடியும் பூ கொட்டும், ஒட்டுக் கட்டினவரைத் திட்டுவீர்கள். முதலில் விட்டுவைத்த அந்த ஒரு கிளை மட்டும் இருக்கட்டும். மகரந்தத்துக்கு அது வேண்டும்.

இடம் இருந்தால் இவ்வளவு பாடு தேவையில்லை. 4 மீட்டர் தள்ளி அரை மீட்டர்க் குழியில் 10 கிலோ மக்கிய சாணம் போட்டுப் பெண் ஒட்டுக்கன்று ஒன்றை வையுங்கள், மூன்றாம் நாலாம் வருடம் காய் பார்க்கலாம். கேரள வேளாண் பல்கலைக்கழகம் வெளியிட்ட அமிர்தம், ஹரிதம் ரகங்கள் கிடைத்தால் நல்லது. ஆனால் "ஒட்டு" என்று சொல்லி விதைக்கன்றின் தண்டில் சும்மா ஒரு நாடாவைச் சுற்றி விற்கிற நர்சரிகள் இருக்கின்றன. கொடுக்கிறவருக்கு ஒரு நிமிட வேலை, வாங்குகிறவருக்குப் பத்து வருட நஷ்டம். நாடாவை அவிழ்த்துக் காட்டச் சொல்லுங்கள். உண்மையான ஒட்டில் V வடிவத் தழும்பு இருபுறமும் தெரியும், அதற்கு மேலும் கீழும் பட்டையின் நிறம் மாறும். அவிழ்க்க மறுத்தால் வந்த வழியே திரும்பிவிடுங்கள்.

பின்னூட்டத்தில் ஒருவர், "எங்கள் மங்குஸ்தானுக்கு ஜோடியே கிடையாது, அது எப்படிக் காய்க்கிறது?" என்று கேட்டிருக்கிறார். மங்குஸ்தானில் இருப்பதெல்லாம் பெண் மரம். மகரந்தம் சேராமலே காய்க்கும், விதையிலிருந்து வருவதும் தாய் மாதிரியே இருக்கும். பர்லியாறிலும் குற்றாலத்திலும் விளைவதைப் பார்த்துச் சமவெளியில் வெயிலில் நட்டு, இலை கருகியதும் உரம் தேடுபவர்கள் தனிக் கூட்டம். முதல் சில வருடம் அதற்கு வேண்டியது நிழல்.

கேட்காவிட்டாலும் ஒன்று சொல்லிவிடுகிறேன், அடக்க முடியவில்லை. கார்சீனியா என்று தேடினாலே எடைகுறைப்பு மாத்திரை விளம்பரம்தான் வந்து விழுகிறது. குடம்புளிப் பழத்தோலில் இருக்கும் ஹைட்ராக்ஸி சிட்ரிக் அமிலத்தைக் காட்டித்தான் அந்த வியாபாரம். 1998இல் அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் வந்த ஆய்வில் 135 பேருக்கு 12 வாரம் கொடுத்துப் பார்த்தார்கள். வெற்று மாத்திரை சாப்பிட்டவர்களைவிட எடை ஒன்றும் கூடுதலாக இறங்கவில்லை. ஈரல் கெட்ட சம்பவங்களும் பதிவாகியிருக்கின்றன. மீன் குழம்பில் நாலு துண்டு போடுவதையும் இதையும் போட்டுக் குழப்ப வேண்டாம். இன்னொரு குழப்பம், இலங்கையில் கொறக்காப்புளி என்றால் குடம்புளிதான். தமிழ்நாட்டில் கொடுக்காப்புளி என்பது முள்மரத்துச் சுருள்காய். சமையல் பக்கங்களில் இரண்டையும் மாற்றிப் போட்டுவிடுகிறார்கள்.

காய் வந்தபின்: ஆடி மழையில்தான் பழுக்கும், வெயிலை நம்பிக் காயவைத்தால் பூஞ்சை பிடிக்கும். விதை நீக்கிய தோலை ஒரு நாள் வாட்டி, அடுப்பின் மேல் பரணில் புகையிட்டுக் கறுக்க விடுங்கள். காய்ந்த தோல் கிலோவுக்கு 150 கிராம் உப்பும் 50 மில்லி தேங்காய் எண்ணெயும் பிசறி வைத்தால் மெத்தென்று இருக்கும், கெடாது. அலுமினியப் பாத்திரத்தில் வேண்டாம், புளிப்பு அரித்துவிடும்.

வரும் தையில் பூத்ததும், நறுக்கிய பூவைக் கிட்டத்தில் படமெடுத்து இங்கே போடுங்கள். முழு மரத்தின் படம் வேண்டாம், அதில் ஒன்றும் தெரியாது.