காற்று எந்தப் பக்கம், தம்பி?

அன்புள்ள அண்ணாச்சிக்கு,

ஹார்ன்பிளோவர் என்ற ஆங்கிலக் கடற்படை அதிகாரியைப் பற்றிய தொலைக்காட்சித் தொடரின் எட்டுப் பாகங்களையும் பார்த்து முடித்தேன். அப்புறம் நாவல்களைத் தேடி வாசித்தேன். நாவலில் ஓரமாக வந்துபோகும் ஆர்ச்சி கென்னடி தொடரில் பாதிக் கதாநாயகன் ஆகிவிடுகிறான். இப்படி மாற்றலாமா? நானும் நண்பர்களும் தமிழில் ஒரு கடல் சாகசத் தொடர் எடுக்க ஆசைப்படுகிறோம், 'கடல் புறா' மாதிரி. கப்பலுக்கும் கடலுக்கும் கிராபிக்ஸ் செலவைக் கேட்டால் தலை சுற்றுகிறது. பேசாமல் வ.உ.சி.யின் கப்பல் கதையையே எடுக்கலாமா என்றும் ஒரு யோசனை. கடல் நாவலைத் திரைக்குக் கொண்டுவர முதலில் எதைக் கவனிக்க வேண்டும்?

கே., உடன்குடி

அன்புள்ள கே.,

நானும் அந்தத் தொடரை மறுபடி எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் உங்கள் கடிதம் வந்தது. அதனால் உடனே எழுதுகிறேன்.

கென்னடியை வளர்த்தது தப்பே இல்லை. நாவலின் ஹார்ன்பிளோவர் ஓயாமல் தனக்குள்ளேயே பேசுகிறவன். தன்னைக் கோழை என்று திட்டிக்கொண்டே துணிந்த காரியம் செய்கிறவன். எழுத்தில் அதைப் பக்கம் பக்கமாகச் சொல்லலாம். திரையில் ஒரு முகத்தை எவ்வளவு நேரம்தான் காட்டிக்கொண்டிருப்பது? அவன் வாயைத் திறக்க எதிரே ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள்தான் கென்னடி. நாவல்களை எழுதிய ஃபாரஸ்டரே 1937இல் ஹார்ன்பிளோவரைக் கேப்டனாக அறிமுகப்படுத்திவிட்டு, 1950இல்தான் பின்னால் போய் அவன் பையனாகக் கப்பலேறிய கதையை எழுதினார். தொடர்காரர்கள் அந்தப் பையனிடமிருந்து தொடங்கினார்கள். வரிசை மாறியதால் கதைக்கு ஒரு குறையும் வரவில்லை.

வ.உ.சி. யோசனையை விட்டுவிடுங்கள். 1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனி, காலியா, லாவோ என்று இரண்டு கப்பல்கள், எல்லாம் சரி. ஆனால் அவை நீராவிக் கப்பல்கள். அந்தப் போர் நடந்தது டிக்கெட் விலையிலும் கோர்ட்டிலும் சிறையிலும். அதைக் கடல் சாகசமாக்கினால் அந்த மனிதருக்கு நியாயம் செய்ததாகாது.

இனி உங்கள் மேல் எனக்குக் கோபம் வந்த இடம். கடிதத்தில் கப்பல் வருகிறது, கடல் வருகிறது, கிராபிக்ஸ் வருகிறது. காற்று என்ற சொல் ஒரு தடவைகூட வரவில்லை. உடன்குடிக்காரர் இப்படி எழுதலாமா? ஆடி மாதம் உங்கள் ஊர்த் தேரியில் போய் நின்றிருக்கிறீர்களா? நேற்று பார்த்த செம்மண் மேடு இன்று கொஞ்சம் தள்ளி இருக்கும். கண்ணைத் திறக்க முடியாது, பல்லெல்லாம் மண் நெறுநெறுக்கும். ஒரு மேட்டையே பெயர்த்து வைக்கிற அந்தக் கச்சான், அந்த மேல்காற்று, ஒரு பாய்க்கப்பலை என்ன பாடு படுத்தும் என்று யோசித்தீர்களா?

பாய்க்கப்பல் கதையில் வில்லனும் காற்றுதான், நண்பனும் காற்றுதான். குறுக்குப் பாய் கட்டிய பழைய போர்க்கப்பலால் காற்று வரும் திசையை நோக்கி நேராகப் போக முடியாது. ஏறக்குறைய அறுபத்தைந்து, எழுபது டிகிரி விலகித்தான் போக முடியும். கண்ணுக்கு எதிரே துறைமுகம் இருக்கும், அங்கே போய்ச் சேர முடியாமல் நாள் முழுக்க இடமும் வலமும் திரும்பிக்கொண்டிருப்பார்கள். சண்டையிலும் அப்படித்தான். காற்று வரும் பக்கம் நிற்கிற கப்பல் நினைத்தபோது எதிரி மேல் பாயலாம், வேண்டாம் என்றால் விலகியே நிற்கலாம். ஆனால் காற்று பலமானால் அதே கப்பல் எதிரி இருக்கும் பக்கமாகச் சாயும். கீழ்த்தட்டுப் பீரங்கி வாசல்கள் தண்ணீரைத் தொடும். திறந்தால் கடல் உள்ளே வந்துவிடும். கேப்டன் எதை எடுப்பான், எதை விடுவான்? சாகசம் அந்த முடிவில் இருக்கிறது. நம் ஆட்கள் எடுக்கிற கடல் காட்சியில் காற்றுக்கு ஒரே வேலைதான், நாயகியின் தலைமுடியைப் பறக்கவிடுவது. பாய் ஒரு பக்கம் புடைத்திருக்கும், கொடி இன்னொரு பக்கம் பறக்கும். யாரும் கேட்பதில்லை.

ஹார்ன்பிளோவரின் கேப்டன் பெல்லூ கற்பனைப் பாத்திரம் இல்லை, வரலாற்றில் இருந்த மனிதர். 1797 ஜனவரி 13ஆம் தேதி பிரிட்டனி கரைக்கு வெளியே, புயலில், அவருடைய இன்டிஃபேட்டிகபிள் கப்பலும் கூட வந்த அமேசானும் 74 பீரங்கி கொண்ட ஒரு பிரெஞ்சுக் கப்பலை விரட்டின. கணக்குப்படி பார்த்தால் அந்தப் பெரிய கப்பலை நெருங்கவே கூடாது. ஆனால் கடல் கொந்தளிப்பில் அதன் கீழ்த்தட்டு வாசல்களைத் திறக்க முடியவில்லை. அதன் பெரிய பீரங்கிகள் இருந்தும் இல்லாத மாதிரி ஆகிவிட்டன. பெல்லூவின் ஆட்கள் இடுப்பளவு தண்ணீரில் நின்று இரவெல்லாம் சுட்டார்கள். விடியப்போகும் நேரத்தில் பார்த்தால் எதிரே கரை. காற்று மூன்று கப்பல்களையும் அதே கரையை நோக்கித் தள்ளுகிறது. பிரெஞ்சுக் கப்பலும் அமேசானும் தரைதட்டி உடைந்தன. பெல்லூ மட்டும் திருப்பி, பாறைகளை ஒட்டி நூலிழையில் வெளியேறினார். இரவில் அவருக்கு வெற்றி கொடுத்த காற்றுதான் விடியலில் அவரைக் கொல்லப் பார்த்தது. இதற்குமேல் ஒரு கதாசிரியர் என்ன சேர்க்க முடியும்?

தூத்துக்குடியில் என் மாமா வீட்டுத் தெருவில் ஒரு தண்டல் தாத்தா இருந்தார், தண்டல் என்றால் தோணியை நடத்துகிற தலைவர். தோணிக்கு எஞ்சின் வருவதற்கு முந்திய காலத்து ஆள். பள்ளி விடுமுறையில் அவர் திண்ணையே கதி என்று கிடப்பேன். பேசிக்கொண்டே இருப்பவர் திடீரென்று நிறுத்திப் பிடரியைத் தடவிப் பார்ப்பார். "காத்து திரும்புது" என்பார். கொஞ்ச நேரம் கழித்துத்தான் எதிர்வீட்டு வேப்பங்கிளை அசையும்.

நல்ல காற்று கிடைத்தால் கொழும்பு ஒரு பகல், ஒரு ராத்திரி. ஒருமுறை அவர் தோணி போகும்போது நடுக்கடலில் காற்று விழுந்துவிட்டது. பாய் மரத்தோடு ஒட்டித் தொங்குகிறது. கடல் எண்ணெய் மாதிரி கிடக்கிறது. குடிதண்ணீர்ப் பீப்பாயின் மூடிமேல் இவரே ஏறி உட்கார்ந்துவிட்டார். ஆளுக்கு ஒரு சிரட்டைத் தண்ணீர், அதுவும் அவர் கையால். சிரட்டையின் கண்ணைத் தாரால் அடைத்திருந்தார்களாம், ஒரு சொட்டு வீணாகக் கூடாதென்று. வயதில் மூத்த ஒருவர் இன்னொரு வாய் கேட்டபோது இவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அதைச் சொல்லும்போது மட்டும் அவர் குரல் இறங்கும். கடைசியில் ஒரு ராத்திரி பிடரியில் ஈரமாக ஏதோ பட்டது, கொண்டல், கிழக்கிலிருந்து வரும் காற்று. கொழும்பை மறந்துவிட்டுப் பாயைத் திருப்பச் சொன்னார். கொழும்புக்குக் கிளம்பியவர்கள் மணப்பாட்டுக் கரையில் வந்து இறங்கினார்கள்.

இதில் கத்தி இல்லை, கொள்ளைக்காரன் இல்லை. எடுக்க ஒரு தோணி போதும். ஹார்ன்பிளோவர்காரர்களும் துருக்கியில் கட்டிய 'கிராண்ட் டர்க்' என்ற ஒரு நகல் கப்பலைத்தான் பெரிதும் நம்பியிருந்தார்கள். பல காட்சிகளை மாதிரிக் கப்பல்களை வைத்துச் சமாளித்தார்கள்.

பழைய காலத்துக் கதைதான் வேண்டும் என்றால் பாண்டியர் துறைமுகமான காயலுக்குக் குதிரை வந்த கதையை எடுங்கள். மார்கோ போலோ எழுதி வைத்திருக்கிறார். ஓர்முஸிலிருந்தும் ஏடனிலிருந்தும் பாண்டியனுக்குக் குதிரைகள் கப்பலில் வந்தன. அவன் கொட்டிக்கொடுத்து வாங்கினான், பராமரிக்கத் தெரியாமல் அவை இங்கே செத்தன. தளும்பும் கப்பலில் கட்டிக்கிடக்கும் குதிரைகள், அவற்றுக்கும் சேர்த்துத் தண்ணீர், காற்று மாறுவதற்குள் வந்து சேர வேண்டிய கட்டாயம். இன்று பழையகாயலில் உப்பளம்தான் இருக்கிறது. அதனால் என்ன? உங்களுக்கு வேண்டியது கப்பலின் தட்டு, அதன்மேல் மனிதர்கள்.

தூத்துக்குடியில் பழைய தண்டல்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். கேமராவை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள், குறுக்கே பேசாமல் கேளுங்கள். அப்புறம் முதல் பாகத்தை எழுதி எனக்கு அனுப்புங்கள், உட்கார்ந்து வரிவரியாகப் பார்த்துத் தருகிறேன். ஒவ்வொரு காட்சியின் தலைப்பிலும் பகலா இரவா என்று போடுவீர்கள் இல்லையா, அதற்குப் பக்கத்தில் காற்று எந்தத் திசை, எவ்வளவு வேகம் என்றும் எழுதியிருக்க வேண்டும். அது இல்லாமல் வந்தால் படிக்காமலே திருப்பி அனுப்பிவிடுவேன்.

அன்புடன்,
அண்ணாச்சி