டெகார்ட்டின் வட்டம் – கடிதம்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

உங்கள் கட்டுரையைப் படித்துவிட்டு பிரெஞ்சுத் தத்துவவாதி டெகார்ட்டின் 'தியானங்கள்' புத்தகத்தை வாங்கினேன். எல்லாவற்றையும் சந்தேகிக்கிற மனிதர், மூன்றாம் தியானத்தில் கடவுளைக் கூப்பிட்டுத் தப்பித்துக்கொள்கிறார். தெளிவாகத் தெரிவதெல்லாம் உண்மை என்பதற்குக் கடவுள் ஜாமீன். கடவுள் இருப்பதற்கு ஆதாரம், அது தெளிவாகத் தெரிவதுதானாம்! ஒன்றுக்கு மற்றொன்று ஆதாரம் என்று வட்டமாகச் சுற்றுகிற ஏமாற்று வேலை இல்லையா இது?

க.

அன்புள்ள க.,

உங்களிடம் இருப்பது ஆறு தியானங்கள் மட்டும் உள்ள மெலிந்த பதிப்பு என்று நினைக்கிறேன். 1641இல் பாரிஸில் அந்தப் புத்தகம் வந்தபோது, மற்ற அறிஞர்களின் ஆறு தொகுதி ஆட்சேபங்களும் டெகார்ட்டின் பதில்களும் சேர்ந்தே அச்சாயின. பெரும்பாலானவை மெர்சென் என்ற துறவி கைப்பிரதியைச் சுற்றுக்கு விட்டு வாங்கியவை. நீங்கள் கேட்டதை நான்காம் தொகுதியில் அர்னோ என்ற இறையியலாளர் கேட்டுவிட்டார். அவருக்கு அப்போது முப்பதுகூட ஆகவில்லை.

டெகார்ட் சொன்ன பதில் இது: ஒன்றைத் தெளிவாகக் கண்டுகொண்டிருக்கும்போது அதைச் சந்தேகிக்கவே முடியாது, அங்கே ஜாமீன் தேவையில்லை. முன்பு அப்படிக் கண்டோம் என்ற ஞாபகம் மட்டும் மிஞ்சும்போதுதான் கடவுள் வேண்டும்.

சரி, கடவுளுக்கான நிரூபணமே பக்கக்கணக்கில் நீள்கிறதே? கடைசி வரிக்கு வரும்போது முதல் வரி ஞாபகம்தானே? 1648இல் பர்மன் என்ற இளைஞர் நேரிலேயே இதைக் கேட்டார். மனத்தால் ஒரே சமயத்தில் பலவற்றைப் பிடித்துவைக்க முடியும், நிரூபணம் முழுவதையும் அப்படிப் பார்த்துவிடலாம் என்றார் டெகார்ட். அவரால் முடிந்திருக்கலாம். எனக்கு மூன்றாம் தியானத்தில் நாலு பத்தி தாண்டினால் முதல் பத்தி போய்விடுகிறது.

ஆகவே ஏமாற்று வேலை என்று சொல்லமாட்டேன். ஆனால் இடிக்கிற இடம் ஒன்று உண்டு, இரண்டாம் தொகுதியில். முக்கோணத்தின் மூன்று கோணங்களும் சேர்ந்து இரண்டு செங்கோணம் என்று ஒரு நாத்திகனுக்கும் தெரியுமே என்கிறார்கள் ஆட்சேபித்தவர்கள். தெளிவாகத் தெரியும்தான், ஆனால் அது உண்மையான அறிவு ஆகாது, அவனுக்கு எப்போது வேண்டுமானாலும் சந்தேகம் வரலாம் என்கிறார் டெகார்ட். எனக்கு இது ஒப்பவில்லை. பக்தன் போடுகிற அதே கோட்டைத்தானே நாத்திகனும் போடுகிறான்?

டெகார்ட்டுக்குப் பின் வந்த தத்துவவாதி ஸ்பினோசா, வெளி ஜாமீனே வேண்டாம் என்றுவிட்டார். வெளிச்சம் தன்னையும் இருட்டையும் காட்டிக்கொடுக்கிற மாதிரி, உண்மையே தனக்கும் பொய்மைக்கும் அளவுகோல் என்று தன் 'அறவியல்' நூலின் இரண்டாம் பாகத்தில் எழுதுகிறார். நான் அவர் பக்கம்தான்.

ஆட்சேபங்களோடு உள்ள பதிப்பைத் தேடி வாங்குங்கள். முதலில் இரண்டாம், நான்காம் தொகுதிகள். அப்புறம் மூன்றாவது, அதில் ஆட்சேபித்த ஆங்கிலேயத் தத்துவவாதி ஹாப்ஸுக்கு டெகார்ட் கொடுக்கும் பதில்களில் எரிச்சல் பொங்குகிறது, அதற்காகவே படிக்கலாம்.