நீளமான ஷாட்டும் கத்தரிக்கோலும்

அன்புள்ள ஐயா,

தாங்கள் எழுதியதைப் படித்த பிறகு தைவான் இயக்குநர் ஹௌ ஷியாவோ-ஷியெனின் ‘எ சிட்டி ஆஃப் சேட்னஸ்’ (1989) படத்தைப் பார்த்தேன். கேமரா பெரும்பாலும் அசைவதே இல்லை. ஒரே ஷாட் வெட்டில்லாமல் வெகுநேரம் நீள்கிறது. இத்தகைய படத்தில் படத்தொகுப்பாளருக்கு அப்படி என்ன வேலை இருந்துவிடப் போகிறது?

க.

அன்புள்ள க.,

நீங்கள் பார்த்த படத்தைத் தொகுத்தவர் லியாவோ சிங்-சுங். தைபேயின் மத்திய திரைப்பட நிறுவனத்தில் 1970களில் தொழில் பழகியவர். நான்கு புதிய இயக்குநர்களின் குறும்படங்கள் சேர்ந்த ‘இன் அவர் டைம்’ (1982) தொடங்கி அந்தத் தலைமுறையின் படங்கள் பல அவர் மேசைக்கே வந்து சேர்ந்ததால், 1980களில் அவர்கள் தொடங்கிய அலையான ‘தைவான் புதிய சினிமா’வின் செவிலித்தாய் என்றே அவரைச் சொல்வார்கள்.

படத்தில் வரும் சிறைக் காட்சியை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். தைவானில் 1947 பிப்ரவரி 28 அன்று மூண்ட அரச எதிர்ப்பு எழுச்சிக்குப் பிந்தைய ஒடுக்குமுறையில் கைதான புகைப்படக்காரன் வென்-சிங்குக்குக் காது கேட்காது, பேச்சும் வராது. உடனிருந்தவர்கள் அழைத்துச் செல்லப்படுகிறார்கள். வெளியே துப்பாக்கி வெடிக்கும் ஓசை நமக்குக் கேட்கிறது, அவனுக்குக் கேட்பதில்லை. கொலையைக் காட்டும் ஷாட் எதுவும் அங்கே இல்லை. பின்னர் அவன் இறந்தவரின் வீட்டுக்குப் போய், துணியில் இரத்தத்தால் எழுதப்பட்ட கடைசிச் செய்தியைக் கொடுக்கும்போதுதான் அந்த ஓசையின் முழுக் கனமும் நம்மேல் இறங்குகிறது. எதைக் காட்டாமல் விடுவது, ஷாட்டை எந்த நொடியில் முடிப்பது, அதையடுத்து எதை வைப்பது என்பவற்றில்தான் இப்படம் உருக்கொள்கிறது. ஷாட் நீள நீள, ஒரே ஒரு வெட்டு தவறினாலும் ஈடுகட்ட வழியில்லாமல் போகிறது.

இதைத் தொகுத்த காலத்தில் லியாவோ, தாங் காலத்துச் சீனக் கவிஞர் து ஃபூவின் கவிதைகளை வாசித்துக்கொண்டிருந்தார். இரண்டு அடிகளை இணைப்புச் சொல் இல்லாமல் அருகருகே நிறுத்தி உணர்வை எழுப்பும் அந்தச் சீன மரபு அவரிடம் தொகுப்பு முறையாகவே மாறியது என்று நான் நம்புகிறேன். கதையின் தர்க்கம் அறுபடும் இடங்களிலும் உணர்வு அறுபடாமல் ஓடுவது அதனால்தான்.

ஹௌவுக்காக அவர் தொகுத்த ‘ஃப்ளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்’ (1998) படம் முழுவதிலும் நாற்பதுக்கும் குறைவான ஷாட்களே உள்ளன. காட்சிகள் இருளில் கரைந்து, இருளிலிருந்தே மீண்டும் எழுகின்றன.

இதே கைகள் வேறொரு விதமாக வெட்டுவதைக் காண, அதே தலைமுறை இயக்குநர் எட்வர்ட் யாங்கின் ‘டெரரைசர்ஸ்’ (1986) படத்தைப் பாருங்கள். மருத்துவர் துப்பாக்கியுடன் பழிவாங்கப் புறப்படுவதை நாம் பின்தொடர்ந்துகொண்டிருக்க, ஒரு வெட்டில் அவருடைய நண்பரான காவல் அதிகாரி தூக்கத்திலிருந்து விழிக்கிறார். மருத்துவரோ தன்னையே சுட்டுக்கொண்டு இறந்து கிடக்கிறார். அதற்கடுத்த வெட்டில் மருத்துவரின் மனைவி வேறொரு படுக்கையில் கண் விழித்துக் குமட்டுகிறாள். நாம் பார்த்தது யாருடைய கனவு என்று படம் சொல்வதே இல்லை.