இங்கிலாந்தின் ஊர் வரலாறு: எந்த நூலில் தொடங்கி எந்த ஆவணத்துக்குப் போகலாம்?

இங்கிலாந்தின் அரசர்களையும் போர்களையும் பற்றி ஓரளவு படித்துவிட்டதாகவும், இனி வட்டார, ஊர் அளவிலான வரலாற்றுக்குள் இறங்க எந்த நூல்களும் ஆவணங்களும் உதவும் என்றும் கேட்டிருக்கிறீர்கள்.

நான் இங்கிலாந்தின் தென்மேற்கில் உள்ள டெவன் கவுண்டியில் (கவுண்டி என்பது நம் மாவட்டம் போன்றது) பல ஆண்டுகளாகக் குடியிருப்பவன். தொழிலுக்காக அல்ல, ஆசைக்காகவே இவற்றைப் படித்து வருகிறேன். என் யோசனை ஒன்றுதான். கவுண்டி வரலாறு என்று பெயர் போட்ட தடித்த நூலை முதலில் எடுக்காதீர்கள். ஒரே ஓர் ஊரைப் பற்றிய நூலை எடுத்து முழுதாகப் படித்து முடியுங்கள். அதன் பிறகு, அந்தக் கதை எந்த ஏட்டிலிருந்து வந்தது என்று தேடிப் போங்கள். வரியும் சட்டமும் மதச் சண்டையும் ஓர் ஊருக்குள் நுழைந்து இன்னார் வீட்டைத் தொடும்போதுதான் அவை என்ன செய்தன என்பது நமக்குப் புரிகிறது.

முதல் நூலாக நான் எல்லோருக்கும் சொல்வது ரிச்சர்ட் கஃப் எழுதிய மிடில் ஊரின் வரலாறு. மிடில், ஷ்ராப்ஷயரில் உள்ள சிறிய ஊர். கஃப் 1635-இல் பிறந்து 1723-இல் இறந்தவர். சொந்த நிலத்தில் பயிர் செய்தவர். 1700-ஐ ஒட்டி, அறுபது வயதைத் தாண்டிய பிறகு, தன் ஊரைப் பற்றி எழுத உட்கார்ந்தார். அதற்கு அவர் கண்டுபிடித்த வழி இன்றும் என்னை வியக்கவைக்கிறது. ஊர்த் தேவாலயத்தின் இருக்கைகளை வரைபடமாகப் போட்டார். அந்தக் காலத்தில் ஒவ்வொரு பெஞ்சும் இன்ன பண்ணைக்கு, இன்ன வீட்டுக்கு உரியது என்ற கணக்கு உண்டு. பெஞ்சு பெஞ்சாகப் போய், அதில் உட்கார்ந்த குடும்பத்தின் கதையை மூன்று நான்கு தலைமுறைக்குச் சொல்லிக்கொண்டே போகிறார். குடித்தே நிலத்தை இழந்தவர், கடனில் மூழ்கியவர், திருடி அகப்பட்டவர், நல்ல இடத்தில் பெண் எடுத்து முன்னேறியவர் என்று எல்லோரும் அதில் இருக்கிறார்கள்.

உள்நாட்டுப் போரைப் பற்றி அவர் எழுதிய சில பக்கங்களுக்காக மட்டுமே இந்த நூலை வாங்கலாம். மிடில், மார்ட்டன், நியூட்டன் ஆகிய மூன்று சிற்றூர்களிலிருந்து அரசர் பக்கம் 20 பேர் போனார்கள். 13 பேர் திரும்பவில்லை. நாடாளுமன்றத்தின் பக்கம் போனவர்கள் சிலரே. அவர்களில் ஜான் மோல்டு என்பவருக்குக் காலில் துப்பாக்கிக் குண்டு பாய்ந்து எலும்பு முறிந்தது. காயம் ஆறியும் சாகும்வரை அந்தக் கால் கோணலாகவே இருந்தது என்று கஃப் குறித்து வைத்திருக்கிறார். அரசர் சார்லஸின் தலை விழுந்த கதையை எந்தப் பாடநூலும் சொல்லும். மோல்டின் காலை நினைவில் வைத்திருக்க அவருடைய ஊர்க்காரர் ஒருவர்தான் வேண்டியிருந்தது.

அடுத்து ஈமன் டஃபியின் 'மோர்பாத்தின் குரல்கள்'. 2001-இல் வந்தது. மோர்பாத் எங்கள் டெவனின் வடக்கு ஓரத்தில், எக்ஸ்மூர் என்ற மேட்டுநிலத்தை ஒட்டிய ஊர். 16-ஆம் நூற்றாண்டில் 33 குடும்பங்கள். கிறிஸ்டோபர் ட்ரிக்கி என்ற பாதிரியார் அங்கே 1520 முதல் 1574 வரை இருந்தார். எட்டாம் ஹென்றி, எட்வர்டு, மேரி, எலிசபெத் என்று நான்கு ஆட்சிகள் மாறின. கத்தோலிக்கமா புராட்டஸ்டன்டா என்று வழிபாடும் அவர்களோடு மாறி மாறிப் புரண்டது. ட்ரிக்கி அதே ஊரில் இருந்தார். தேவாலயக் கணக்கைத் தன் கையால் எழுதி, ஊரார் முன்னால் படித்துக் காட்டுவது அவர் வழக்கம். அந்தக் கணக்கேடுதான் நூலின் மூலம்.

கணக்கேடு என்றால் வரவும் செலவும்தானே என்று தோன்றும். கோயிலுக்கென்று ஆடுகள் இருந்தன. வீட்டுக்கு வீடு பிரித்து வளர்த்தார்கள். கம்பளி விற்ற காசில் புனிதர்களின் சிலைகளுக்கு முன் விளக்கு எரிந்தது. விளக்கு எரியக்கூடாது என்று அரசாணை வந்ததும் அந்தக் கணக்கு ஏட்டிலிருந்து மறைகிறது. இறந்தவர்களுக்கான பூசையில் அணியக் கறுப்பு அங்கிகள் வேண்டும் என்று ட்ரிக்கி இருபது ஆண்டுகள் சிறுகச் சிறுகச் சேர்த்தார். அவை கைக்கு வந்தது 1547-இல். எட்வர்டின் ஆட்சி தொடங்கி, அந்தப் பூசைகளே ஒழியப்போகிற நேரம். 1549-இல் புதிய வழிபாட்டை எதிர்த்து மேற்குப் பகுதி கிளர்ந்தெழுந்தபோது இந்தச் சின்ன ஊர் ஐந்து இளைஞர்களுக்கு ஆயுதமும் வழிச்செலவும் கொடுத்து எக்ஸ்டர் நகருக்கு வெளியே இருந்த கிளர்ச்சிக்காரர்களின் முகாமுக்கு அனுப்பியது. அந்தச் செலவும் கணக்கில் இருக்கிறது. ஆங்கிலச் சீர்திருத்தம் எனப்படும் இந்த மத மாற்றம் பற்றி நான் படித்தவற்றில் இதற்கு நிகராக வேறெதையும் வைக்க மாட்டேன்.

இந்த இரண்டையும் முடித்த பிறகு டபிள்யூ. ஜி. ஹாஸ்கின்ஸ். எக்ஸ்டரில் பிறந்தவர், லெஸ்டரில் 1948-இல் உள்ளூர் வரலாற்றுக்கென்றே தனித் துறை தொடங்கக் காரணமானவர். 1955-இல் வந்த அவருடைய 'ஆங்கில நிலக்காட்சி உருவான கதை' வேலியையும் பள்ளமான வண்டிப்பாதையையும் ஆவணமாகப் படிக்கக் கற்றுக்கொடுக்கிறது. ஊர்கள் எப்போது உருவாயின என்பதில் அவர் சொன்ன பலவற்றைப் பின்வந்த ஆய்வாளர்கள் திருத்திவிட்டார்கள். ஆனாலும் காலில் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்ப வைக்கும் நூல் அது.

விக்டோரியா கவுண்டி வரலாறு என்ற பெருந்தொடரைப் பலரும் முதலில் பரிந்துரைப்பார்கள். 1899-இல் தொடங்கி இன்னும் முடியாத வேலை; 200-க்கும் மேற்பட்ட சிவப்பு அட்டைத் தொகுதிகள்; பலவற்றை பிரிட்டிஷ் ஹிஸ்டரி ஆன்லைன் தளத்தில் இலவசமாகப் படிக்கலாம். தேடிப் பார்க்க அருமையானது, தொடர்ந்து படிக்க ஏற்றதல்ல. பழைய தொகுதிகளில் பண்ணைப் பிரபுக்களின் வாரிசு வரிசை நீளமாகவும் உழுதவர்களின் வாழ்க்கை சுருக்கமாகவும் இருக்கும். எல்லாக் கவுண்டிக்கும் ஒரே நியாயமும் கிடைக்கவில்லை. டெவனுக்கு 1906-இல் முதல் தொகுதி வந்தது. ஊர் ஊராக எழுதவேண்டிய தொகுதிகள் வரவே இல்லை. உங்களுக்குப் பிடித்த கவுண்டியின் நிலை என்ன என்று முதலில் பாருங்கள்.

இனி ஆவணங்கள். ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் மூன்றையும் தேவாலயங்கள் பதிவு செய்யவேண்டும் என்று 1538-இல் தாமஸ் குரோம்வெல் ஆணையிட்டார். பல ஊர்களின் பதிவேடு அங்கே தொடங்குகிறது. ஆனால் புதிதாக வருபவருக்கு நான் கொடுப்பது தசமபாக வரைபடம். விளைச்சலில் பத்தில் ஒரு பங்கைத் தேவாலயத்துக்கு அளப்பதைப் பணமாக மாற்ற 1836-இல் சட்டம் வந்தது. அதற்காகப் பெரும்பாலான ஊர்களை அளந்தார்கள். வரைபடத்தில் ஒவ்வொரு வயலுக்கும் ஓர் எண். கூடவே வரும் பட்டியலில் அந்த எண்ணுக்கு நேரே நிலத்தின் சொந்தக்காரர், பயிரிடுபவர், வயலின் பெயர், உழவா புல்லா, பரப்பு எவ்வளவு என்று ஒரு வரி. டெவனில் பண்ணைவீட்டை ஒட்டிப் பழத்தோட்டம் என்ற வரி அடிக்கடி வரும்; சைடர் என்ற ஆப்பிள் மதுவுக்கான பழங்கள் அங்கேதான் காய்த்தன. பயிரிடுபவரின் பெயரை எடுத்துக்கொண்டு 1841 மக்கள்தொகைக் கணக்கெடுப்பைத் திறந்தால் அவருடைய மனைவி, பிள்ளைகள், வேலையாட்கள் எல்லோரும் ஒரே கூரையின் கீழ் நிற்பார்கள். அதில் 15 வயதுக்கு மேற்பட்டவர்களின் வயதைப் பொதுவாக ஐந்தின் மடங்காகக் குறைத்து எழுதினார்கள், வயதை நம்பிவிடாதீர்கள். எந்த ஊரில் பிறந்தார் என்பது 1851-இல் இருந்துதான் கிடைக்கும். ஸ்காட்லாந்து தேசிய நூலகம் இங்கிலாந்தின் பழைய ஆர்ட்னன்ஸ் சர்வே (அரசு நில அளவைத் துறை) வரைபடங்களையும் இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. அவற்றோடு ஒப்பிட்டால் எந்த வேலி பிழைத்தது, எது போனது என்று தெரிந்துவிடும்.

உயில்களைத் தேடுபவர்களுக்கு டெவன் ஒரு துயரமான இடம். 1942 மே மாதம் எக்ஸ்டரில் விழுந்த ஜெர்மானியக் குண்டுகளில் டெவனின் உயில்களும், அங்கே வைத்திருந்த சாமர்செட்டின் உயில்களும் பெரும்பாலும் எரிந்துபோயின. ஆலிவ் மோகர் என்ற பெண்மணி அதற்கு முன்பே பலவற்றைக் கையால் படியெடுத்திருந்தார். இன்று டெவன் காப்பகத்தில் ஒரு விவசாயியின் உயிலைப் படிக்க முடிகிறதென்றால் பெரும்பாலும் அந்த அம்மையாரின் உழைப்பால்தான்.

தமிழ் வாசகர் என்பதால் இன்னொன்றும் சொல்கிறேன். ராமேஸ்வரத்துக்கு வடக்கே உள்ள பாக் நீரிணைக்குப் பெயர் கொடுத்த ராபர்ட் பாக், டெவனின் ஆஷ்பர்ட்டனைச் சேர்ந்தவர். பாதிரியாராக இந்தியாவுக்கு வந்து, 1763 முதல் 1767 வரை சென்னையின் ஆளுநராக இருந்து, பெரும் செல்வத்தோடு ஊர் திரும்பி ஹால்டன் மாளிகையை வாங்கினார். நண்பர் ஸ்ட்ரிஞ்சர் லாரன்ஸின் நினைவாக 1788-இல் அவர் ஹால்டன் குன்றின்மேல் எழுப்பிய முக்கோணக் கோபுரம் இன்றும் நிற்கிறது. கர்நாடகப் போர்களை நடத்திய அதே லாரன்ஸ்தான். பாக் குடும்பத்தின் கடிதங்கள் 1922-இல் அரசு வெளியீடாக அச்சாயின. ஆற்காட்டு நவாபின் கடனும் டெவனின் நிலமும் ஒரே கடிதக்கட்டில் கிடைக்கும் என்பதால், நம்மவர்கள் யாராவது அதை ஊன்றிப் படித்துத் தமிழில் எழுதவேண்டும் என்பது என் நெடுநாள் விருப்பம்.

காப்பகத்துக்கு நேரில் போவதாக இருந்தால் பென்சில் கொண்டுபோங்கள், பேனாவை அனுமதிக்க மாட்டார்கள். பழைய கையெழுத்தைப் படிக்க தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் இலவசப் பாடம் இருக்கிறது. அதை வீட்டிலேயே முடித்துவிடுங்கள். தேதியிலும் கவனம் வேண்டும். 1752-க்கு முன் இங்கிலாந்தில் ஆண்டு மார்ச் 25-இல்தான் தொடங்கியது. பதிவேட்டில் 1640 பிப்ரவரி என்று இருந்தால், நம் கணக்கில் அது 1641.