ஷினோபு ஹஷிமோட்டோ: கேள்வி பதில்

'ராஷோமான்', 'இகிரு', 'செவன் சாமுராய்' மூன்றிலும் ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசவாவோடு சேர்ந்து திரைக்கதை எழுதிய ஷினோபு ஹஷிமோட்டோ (1918–2018) பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

சினிமாவுக்கு எப்படி வந்தார்?

காசநோய் கொண்டுவந்து சேர்த்தது. ஹியோகோ மாகாணத்துக்காரர். 1938-ல் ராணுவத்தில் சேர்ந்தவர், நோயோடு ஒக்காயாமாவில் படைவீரர்களுக்கான சானடோரியத்துக்குப் போனார். நான்கு வருஷம் அங்கேதான். பக்கத்துக் கட்டில்காரர் படிக்கக் கொடுத்த சினிமாப் பத்திரிகையில் ஒரு திரைக்கதை இருந்தது. படித்ததும், 'இவ்வளவுதானா? நானே எழுதுவேனே' என்று தோன்றிவிட்டது. ஜப்பானிலேயே பெரிய திரைக்கதை ஆசிரியர் யார் என்று அவரிடமே கேட்டார். மன்சாகு இதாமி என்றார். சரி என்று எழுதி, இதாமிக்கே தபாலில் அனுப்பிவிட்டார். முகம் தெரியாத அந்த நோயாளிக்கு, குறைகளை எடுத்துச் சொல்லி இதாமி பதில் போட்டார். இந்த இடத்தை எப்போது நினைத்தாலும் எனக்கு மனசு நெகிழ்ந்துவிடும். இதாமியும் காசநோயாளிதான்.

நாவலைப் படமாக்குவது பற்றி ஏதாவது சொல்லியிருக்கிறாரா?

இதாமி இதைக் கேட்டபோது ஹஷிமோட்டோ மூல நாவலுக்கு மாட்டை உதாரணம் காட்டினார். பட்டியில் ஒரு மாடு நிற்கிறது. மழையோ காற்றோ, தினமும் போய்ப் பார்க்கிறேன். உயிர்நிலை எதுவென்று பிடிபட்டதும் உள்ளே போய் ஒரே அடி. எனக்கு வேண்டியது அதன் ரத்தம் மட்டும் என்றார்.

'ராஷோமான்' முதல் படமா?

ஆமாம். பகலில் ஹிமேஜியில் ஒரு கம்பெனியில் கணக்கு வேலை, எழுத்து ரயிலில். எழுத்தாளர் அகுதகவாவின் 1922-ம் வருஷத்துச் சிறுகதை ஒன்றைத் திரைக்கதையாக்கினார். படத்துக்கு நீளம் போதாது என்றார் குரோசவா. ஹஷிமோட்டோ அகுதகவாவின் 'ராஷோமான்' கதையையும் சேர்த்துப் பார்த்தார். அதற்குள் முதுகுத்தண்டு வலி படுக்க வைத்துவிட்டது. மீதியைக் குரோசவா முடித்தார். படம் 1950-ல் வந்தது. அடுத்த வருஷம் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது. நம் 'அந்த நாள்' (1954) அதன் பாதிப்பில் வந்ததுதான்.

'செவன் சாமுராய்' மூன்று பேர் எழுதியது. யார் எந்தப் பகுதி?

அப்படிப் பங்கு பிரிக்கவில்லை. முதலில் நினைத்தது ஒரு சாமுராயின் ஒரு நாள் வாழ்க்கை. அந்தக் காலத்தில் மதியம் சாப்பிட்டார்களா என்பதற்கு ஆதாரம் கிடைக்கவில்லை. ஹஷிமோட்டோ அந்தக் கதையையே விட்டுவிட்டார். அப்புறம் கிடைத்ததுதான் இந்தக் கதை. எழுதியது அத்தாமி என்ற ஊரில் ஒரு விடுதியில். ஒரே காட்சியை அவரும் குரோசவாவும் தனித்தனியாக எழுதுவார்கள். மூன்றாமவர் ஹிதேயோ ஒகுனி பேனாவைத் தொடாமல் இரண்டையும் படித்துத் தீர்ப்புச் சொல்வார்.

குரோசவா இல்லாத படங்களில் எதைப் பார்க்கலாம்?

கோபயாஷி இயக்கிய 'ஹராகிரி' (1962). அதைவிட எனக்கு நெருக்கமானது 1974-ல் நோமுரா இயக்கிய 'மணல் கோட்டை'. தொழுநோயால் ஊரைவிட்டுப் போகும் அப்பாவும் சின்னப் பையனும் மூல நாவலில் சில வரிகளில் கடந்துபோகிறார்கள். அந்த வரிகளைத்தான் ஹஷிமோட்டோ பிடித்துக்கொண்டார். படத்தின் கடைசிப் பகுதியில், பியானோ இசை ஓட ஓட, பனியிலும் வெயிலிலும் கடற்கரையிலும் அந்த இருவரும் நடந்துகொண்டே இருக்கிறார்கள்.