திரை கேள்வி பதில்: ஒரு பைக்குள் அடங்கும் கொள்ளை

சென்ற இதழில், கோலாலம்பூர் இளைஞர்கள் சிலர் சொந்தப் பணத்தில் எடுக்க முனைந்திருக்கும் ஒரு கொள்ளைப் படத்தைப் பற்றிச் சில வரிகள் எழுதியிருந்தேன். அந்த இளைஞர்களே இப்போது விரிவாக எழுதிக் கேட்டிருக்கிறார்கள். அதே பொருளை ஒட்டி மற்ற வாசகர்கள் எழுதியவற்றையும் சேர்த்துப் பதில் தருகிறேன்.

கேள்வி: ஐயா, நண்பர்கள் நான்கு பேர் சேர்ந்து 40,000 வெள்ளி திரட்டியிருக்கிறோம். எங்கள் கதை எதிர்காலக் கோலாலம்பூரில் நடக்கிறது. குடிநீர் முழுவதும் ஒரே நிறுவனத்தின் கையில் இருக்கிறது. அட்டை வைத்திருப்பவர்களுக்கு மட்டுமே தண்ணீர் கிடைக்கும். அடுக்குமாடிக் குடியிருப்பைச் சேர்ந்த நால்வர் நீர்த்தேக்கத்துக்குள் புகுந்து தண்ணீரைக் கடத்துகிறார்கள். பாழடைந்த நகரத்தைக் கணினி வரைகலையில் காட்டுவதற்கே கையிருப்பில் பாதி போய்விடும் என்கிறார்கள். அது இல்லாமல் இப்படி ஓர் இருண்ட எதிர்காலத்தைக் காட்ட முடியுமா? (வாசகர், செந்தூல்)

பதில்: முடியும். வரைகலைக்கென்று ஒதுக்கிய பணத்தை இன்றே வேறு கணக்குக்கு மாற்றிவிடுங்கள். இடிந்து கிடக்கும் கோபுரத்தைக் காட்டினால் நகரம் கெட்டுவிட்டது என்ற செய்தி மட்டும் பார்வையாளரைச் சேரும். அந்த நகரத்தில் ஒரு மனிதர் காலையில் எழுந்து எந்த வரிசையில் நிற்கிறார், யாரிடம் தலைகுனிகிறார், எதை மறைத்து வைக்கிறார் என்பதைக் காட்டும்போதுதான் பார்வையாளருக்கு வயிற்றைப் பிசையும். கோதார் 1965-இல் எடுத்த 'ஆல்ஃபாவில்' எதிர்கால நகரம் ஒன்றில் நடக்கிறது. ஆனால் அதற்காக அவர் எந்த நகரத்தையும் கட்டவில்லை, அன்றைய பாரிஸின் கண்ணாடிக் கட்டடங்களையும் தாழ்வாரங்களையும் இரவில் படம்பிடித்தே அதை உருவாக்கினார். 1997-இல் கனடாவில் வந்த 'கியூப்' படத்துக்காக அமைத்தது ஏறத்தாழ ஓர் அறை மட்டுமே. சுவரின் வண்ணப் பலகைகளை மாற்றி மாற்றி அதையே ஆயிரக்கணக்கான அறைகளாக நம்ப வைத்தார்கள்.

நம் நாட்டு வரலாற்றிலேயே உங்களுக்குத் தேவையான காட்சி ஒன்று இருக்கிறது. 1948-இல் தொடங்கிய அவசரகாலத்தில், காட்டிலிருந்த கம்யூனிஸ்டுகளுக்கு உணவு போய்ச் சேரக்கூடாது என்பதற்காக, கட்டுப்பாட்டுப் பகுதிகளில் டின் உணவு விற்கும் கடைக்காரர் அந்த டின்னில் துளையிட்டுத்தான் கொடுக்க வேண்டும் என்று விதித்திருந்தார்கள். துளை விழுந்த டின்னைச் சேமித்து வைக்க முடியாது. அன்றோ மறுநாளோ தின்று தீர்த்தாக வேண்டும். இதைப் படமாக்க என்ன தேவை என்று எண்ணிப் பாருங்கள். ஒரு கடை மேசை, ஒரு மத்தி மீன் டின், ஓர் ஆணி, ஒரு சுத்தியல். பல ஆண்டுகளாகத் தம்மிடமே சாமான் வாங்கும் பாட்டியின் முகத்தைப் பார்க்காமல் கடைக்காரர் ஆணியை வைத்து ஓங்கி ஒரு தட்டுத் தட்டுகிறார். துளை வழியே எண்ணெய் கசிந்து மேசையில் பரவுகிறது. பாட்டி ஒன்றும் பேசாமல் அதைத் தம் முந்தானையால் துடைத்துவிட்டு டின்னை எடுத்துக்கொள்கிறார். அந்த ஆட்சி எத்தகையது என்று அதற்குமேல் யாரும் விளக்கத் தேவையில்லை.

தோட்டத்தில் வாழ்ந்த குடும்பம் என்றால் தொழிலாளர்கள் வேலைக்கு முன் அணிவகுத்து நின்ற பெரட்டுக் களத்தைப் பற்றி உங்கள் தாத்தாவிடம் கேளுங்கள். விடியும் முன் இருட்டில் நின்று, பெயர் கூப்பிடும்போது குரல் கொடுத்து, செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டில் அந்தப் பெயர் பதிந்தால்தான் அன்றைய கூலி. அதை அப்படியே அடுக்குமாடியின் கீழ்த்தளத்துக்குக் கொண்டுவந்து, கங்காணியின் இடத்தில் ஓர் ஒலிபெருக்கியை வைத்தால் உங்கள் எதிர்காலக் கோலாலம்பூர் தயார். 2014-இல் கிள்ளான் பள்ளத்தாக்கில் தண்ணீர்ப் பங்கீடு நடந்த வாரங்கள் உங்களுக்கே நினைவிருக்கும். வாசல்வரை அடுக்கிய வாளிகள், அரிசி களைந்த நீரைக் கீழே கொட்டாமல் எடுத்து வைத்த அம்மா, தண்ணீர் லாரி வந்ததும் மாடிப்படியில் கேட்ட ஓட்டம் ஆகியவற்றை நீங்கள் கற்பனை செய்யத் தேவையில்லை, நினைவிலிருந்து எடுத்து எழுதினால் போதும்.

கதையில் எனக்கு ஒரே ஓர் ஆட்சேபம் உண்டு, அதைத் தயங்காமல் சொல்லிவிடுகிறேன். ஆயிரம் லிட்டர் தண்ணீர் ஒரு டன் எடை. நால்வர் கடத்தும் தண்ணீர் ஒரு மாடிக்குக்கூடச் சில நாள்களுக்கு மேல் போதாது. அதற்கும் லாரி வேண்டும், குழாய் வேண்டும், இரவில் நீர்த்தேக்கத்தில் படப்பிடிப்பு நடத்த அனுமதி வேண்டும். குறைந்த முதலீட்டுப் படத்தில் திருடப்படும் பொருள் ஒரு பைக்குள் அடங்க வேண்டும். ஆகவே தண்ணீரை விட்டுவிட்டு, யாருக்குத் தண்ணீர் உண்டு என்று தீர்மானிக்கும் பெயரேட்டையோ அட்டை அச்சடிக்கும் சிறு இயந்திரத்தையோ திருட விடுங்கள். அப்போது உங்கள் கொள்ளை நடக்கும் இடம் ஓர் அலுவலகமாகச் சுருங்கிவிடும்: நான்கு முகப்பிடங்கள், ஓர் எண் பலகை, பூட்டிய ஓர் உள்ளறை. கதையின் வலியோ கூடிவிடும். பிறப்புப் பத்திரம் இல்லாததால் அடையாள அட்டை கிடைக்காமல், பள்ளிக்கும் மருத்துவமனைக்கும் வேலைக்கும் அலைந்த குடும்பங்களை நம்மிடையே அறியாதவர் குறைவு. ஏட்டில் இல்லாத ஒரு பெயரை ஏட்டில் எழுதுவதற்காக நடக்கும் கொள்ளையை, தண்ணீர்த் திருட்டைவிட நம் மக்கள் நூறு மடங்கு நெருக்கமாக உணர்வார்கள் என்று உறுதியாக நம்புகிறேன்.

கேள்வி: கொள்ளைத் திட்டத்தைப் பார்வையாளர்களுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுவதா, மறைத்து வைப்பதா? மறைத்தால்தான் விறுவிறுப்பு என்று என் அண்ணன் வாதிடுகிறார். (வாசகி, ஜெலுத்தோங், பினாங்கு)

பதில்: இரண்டுக்கும் இடமுண்டு, ஆனால் ஒரு கணக்கு இருக்கிறது. திட்டத்தை முழுமையாகச் சொல்லிவிட்டால் அது எங்கேயாவது பிசக வேண்டும்; சொன்னது சொன்னபடியே நடந்தால் ஒரே காட்சியை இரண்டு முறை பார்த்த சலிப்புத்தான் மிஞ்சும். மறைத்து வைத்தால் அது வெற்றி பெறலாம், ஏனெனில் ஒவ்வொரு படியும் பார்வையாளருக்குப் புதியது. கொள்ளையையே காட்டாத வழியும் உண்டு. 1992-இல் வந்த 'ரிசர்வாயர் டாக்ஸ்' நகைக்கடைக் கொள்ளைக்கு முன்னும் பின்னும் நடப்பதையே காட்டுகிறது. பணம் இல்லாதவர்களுக்கு அது நல்ல பாடம். எனினும் உங்களுக்கு அதைப் பரிந்துரைக்க எனக்கு மனமில்லை, ஏனெனில் பொறுமையாகக் காட்டப்படும் ஒரு கொள்ளையைப் போல் மூச்சைப் பிடிக்க வைப்பது திரையில் வேறொன்றும் இல்லை. 1955-இல் ஜூல்ஸ் தாசின் இயக்கிய 'ரிஃபிஃபி'யில் கொள்ளைக் காட்சி சுமார் அரை மணி நேரம் உரையாடலோ பின்னணி இசையோ இல்லாமல் ஓடுகிறது. கூரையை உடைக்கும்போது உதிரும் காரைத் துண்டுகள் ஓசையின்றி விழுவதற்காக ஒரு குடையை விரித்துப் பிடிக்கிறார்கள். குடை என்ன விலை இருக்கும்!

திட்டத்தைச் சொன்னாலும் மறைத்தாலும், இடத்தின் அமைப்பு பார்வையாளர் மனத்தில் பதிந்திருக்க வேண்டும். இதில் பினாங்கில் இருக்கும் தங்களுக்கு ஒரு பெரும் வசதி உண்டு. ஜார்ஜ் டவுனின் பழைய கடைவீடு கொள்ளைக் கதைக்கென்றே கட்டியது போன்றது: முன்புறம் குறுகல், உள்ளே நெடுந்தூரம் நீளம், நடுவில் வானம் பார்த்த முற்றம், பின்புறம் சந்து. பல வீடுகளில் மேல்மாடிப் பலகைத் தரையில் ஒரு சிறு திறப்பு இருக்கும். கீழே அஞ்சடியில், அதாவது வீட்டின் முன்னுள்ள கூரையிட்ட நடைபாதையில், நின்று கதவைத் தட்டுவது யார் என்று அதன் வழியே குனிந்து பார்ப்பார்கள். உள்ளே ஒருவன் பெட்டியைத் திறந்துகொண்டிருக்கிறான். மேலே அவனுடைய தங்கை தரையில் படுத்து அந்தத் திறப்பில் கண் வைத்திருக்கிறாள். அஞ்சடியில் ஒரு தொப்பியின் உச்சி மட்டும் தெரிகிறது, நகராமல் நிற்கிறது. பலகை முனகும் என்பதால் அவளால் எழுந்து ஓடி எச்சரிக்க முடியவில்லை. இந்த வீட்டின் அமைப்பைப் படத்தின் முதல் பத்து நிமிடங்களில், கொள்ளைக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு சாதாரணக் காட்சியில் காட்டிவிடுங்கள். அந்தத் திறப்பின் வழியே ஒரு சிறுமி தபால்காரரை எட்டிப் பார்த்தால் போதும். ஜார்ஜ் டவுன் 2008 முதல் உலகப் பாரம்பரியத் தளம் என்பதால், அங்கே எதிலும் ஆணியடிக்கும் முன்னரோ சாயம் பூசும் முன்னரோ வீட்டு உரிமையாளரிடமும் உள்ளாட்சியிடமும் கேட்டுக்கொள்வது முறை.

கேள்வி: கொள்ளையர்கள் கையில் பொம்மைத் துப்பாக்கி வைத்துக்கொள்ளலாமா? (வாசகர், பட்டர்வொர்த்)

பதில்: வேண்டாம். 1960-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம் போலித் துப்பாக்கிகளையும் கட்டுப்படுத்துகிறது. முறையான அனுமதியின்றி அதை வைத்துக்கொண்டு அடுக்குமாடிப் படியில் ஓடினால் அண்டை வீட்டார் காவல் துறையை அழைப்பார்கள், அவர்கள் மீது தவறும் இல்லை. படத் தயாரிப்புக்குத் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான ஃபினாஸின் உரிமமும் தேவை என்பதால் அந்த வேலையை முதல் மாதத்திலேயே முடித்துவிடுங்கள். துப்பாக்கி இல்லாத கொள்ளையில் அறிவு வேலை செய்தாக வேண்டும் என்பதால் திரைக்கதையும் மேம்படும்.

கேள்வி: நான் தமிழ்ப்பள்ளி ஆசிரியை. குண்டர் கும்பல் என்றாலே நம் பிள்ளைகளைச் சுட்டிக்காட்டும் நிலை இன்னும் மாறவில்லை. இந்த நேரத்தில் திருடர்களை நாயகர்களாக்கும் இன்னொரு படம் நமக்குத் தேவையா? (வாசகி, கிள்ளான்)

பதில்: அம்மா, தங்கள் கவலை நியாயமானது. அதை ஒரு பழைமைவாதம் என்று தள்ளிவிடும் இளைஞர்களோடு எனக்கு உடன்பாடில்லை. கையில் கத்தியோடு மெதுவாக நடந்துவரும் நாயகனுக்குப் பின்னால் இசை முழங்கும் படங்களைப் பார்த்து நானும் மனம் நொந்திருக்கிறேன். ஆனால் இருட்டுக்குள் போகும் ஒரு பிள்ளையைப் போற்றாமலும் ஒதுக்காமலும் காட்ட முடியும் என்பதற்கு நம்மிடமே சான்று இருக்கிறது. சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய 'ஜகாட்' 1990-களின் தொடக்கத்தில் வாழும் 12 வயதுச் சிறுவன் ஒருவனின் கதை. 2016-இல் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்படம் என்ற விருதை அது பெற்றது. அந்தச் சிறுவனைக் கண்டு யாருக்கும் அடியாளாக ஆசை பிறந்திருக்காது.

செந்தூல் இளைஞர்களுக்கும் இதையொட்டி ஒரு வேண்டுகோள் விடுக்கிறேன். உங்கள் கதையில் அந்த அலுவலகத்துக்கு ஓர் இரவுக் காவலாளி இருப்பார். பெரும்பாலான கொள்ளைப் படங்களில் அவரைக் கட்டிப்போட்டுவிட்டுக் கதை நகர்ந்துவிடும். நீங்கள் அவருக்கு ஒரு பெயர் வையுங்கள், அவர் கொண்டுவரும் சாப்பாட்டுப் பாத்திரத்தைக் காட்டுங்கள், அவரும் அதே அடுக்குமாடியின் ஒன்பதாவது மாடியில் குடியிருப்பவராக இருக்கட்டும். கொள்ளை வெற்றி பெற்ற மறுநாள் விடியலில், வேலை பறிபோன அவருடைய அட்டையை எடுத்துக்கொண்டு அவர் மனைவி தண்ணீர் வரிசையில் நிற்கட்டும். அவருக்கு இரண்டு பேர் முன்னால், ஏட்டில் புதிதாகப் பெயர் ஏறிய அந்த நால்வரில் ஒருவன் வாளியோடு நிற்கட்டும்.