பெரிய வீட்டு ஆத்தாவுக்கு அரசுக் காப்பீடு கேட்கலாமா?

கேள்வி: பள்ளத்தூரில் எங்கள் பூர்வீக வீட்டில் ஆத்தா தனியாக இருக்கிறார். வயது 74. சர்க்கரை, ரத்தக் கொதிப்பு இரண்டும் உண்டு. இப்போது கண்புரைக்கு ஆபரேஷன் செய்யச் சொல்கிறார்கள். முதியோருக்கான அரசுக் காப்பீட்டில் சேர்க்கலாமா? "இவ்வளவு பெரிய வீட்டை வைத்துக்கொண்டு, ஏழைக்குப் போகிற காசையா கேட்பது?" என்கிறார் பங்காளி ஒருவர்.

பதில்: தாராளமாகச் சேருங்கள். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும் என்பது முதலமைச்சரின் காப்பீட்டுத் திட்டத்துக்கான நிபந்தனை. நீங்கள் கேட்கும் முதியோர் காப்பீட்டுக்கான, 2024 அக்டோபரில் வந்த மத்திய அரசின் ஆயுஷ்மான் வய வந்தனா அட்டைக்கு அது கிடையாது. ஆதார்படி 70 வயது ஆகியிருந்தால் போதும். ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சை பெறலாம். தனியார் பாலிசி இருந்தாலும் தடையில்லை, அதை நிறுத்திவிடாதீர்கள்.

பங்காளி சொல்வதிலும் நியாயம் இல்லாமல் இல்லை. வரிப்பணம் அளவானது, வசதியுள்ளவருக்கு எதற்கு என்று நாடு முழுக்கவே கேட்கிறார்கள். ஆனால் செட்டிநாட்டில் வீட்டை வைத்து வசதியை அளக்க முடியுமா? பத்துப் புள்ளிக்கு, அதாவது பத்துக் குடும்பத்துக்கு, பொதுவான வீடு. விற்கவும் முடியாது, ஒழுகுகிற கூரையின் ஓடுகளை மாற்றக் கையில் காசும் இருக்காது. வருமான வரம்பு வைத்தால் சான்றிதழுக்காகத் தாலுகா ஆபீஸ் படியேறப் போவதும் அதே ஆத்தாதான். தனியாரிடம் இந்த வயதில் புதிதாகப் பாலிசி எடுத்தாலோ பிரீமியம் எக்கச்சக்கம். ஏற்கெனவே உள்ள நோய்க்கு 3 ஆண்டு வரை காக்கவைக்கலாம். 74 வயதில் 3 ஆண்டு! வயதை மட்டும் பார்ப்பதே சரி என்பது என் கட்சி.

எனக்குள்ள குறை வேறு. இந்தக் காப்பீடு ஆஸ்பத்திரியில் சேர்ந்து பெறும் சிகிச்சைக்கும் ஆபரேஷனுக்கும்தான். சேர்வதற்கு முந்தைய 3 நாள், வீடு திரும்பிய பின் 15 நாள் செலவும் அதில் அடங்கும். மாதாமாதம் வாங்கும் சர்க்கரை மாத்திரைக்கு ஒரு பைசா கிடையாது. முதியவர்களின் கையைக் கடிப்பது பெரும்பாலும் அந்தச் செலவுதான். அதற்கு உங்கள் பகுதி ஆரம்ப சுகாதார நிலையத்தில் பெயர் கொடுங்கள். 2021இல் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் சர்க்கரை, ரத்தக் கொதிப்பு மாத்திரைகளை வீட்டுக்கே கொண்டுவந்து தருவார்கள்.

அட்டைக்கு முன், ஆத்தாவின் ஆதாரில் எந்த செல்போன் எண் இருக்கிறது என்று பாருங்கள். பல வீடுகளில் அது வெளியூர்ப் பிள்ளையின் பழைய எண்ணாக இருக்கும், ஓடிபி வராது. முதியவர்களுக்குக் கைரேகையும் சில சமயம் பதியாது. முகத்தைப் படமெடுத்துச் சரிபார்க்கும் வழி உண்டு, அதைக் கேளுங்கள். அப்புறம், ஆபரேஷனுக்குத் தேதி வாங்கும்போதே இந்த அட்டையை ஏற்பார்களா என்று அந்த ஆஸ்பத்திரிக் காப்பீட்டுப் பிரிவில் விசாரியுங்கள். சந்தேகமிருந்தால் 14555க்கு போன் செய்யலாம். கையிலிருந்து பணம் கட்டிவிட்டு, அதைப் பிறகு திரும்ப வாங்கிக்கொள்ளலாம் என்று மட்டும் இருந்துவிடாதீர்கள்.